பதினான்கு ஆண்டு தொகுப்பூதியம்: பல்கலைக்கழகப் பணியாளர் நிரந்தரம் கேட்கலாமா?

கோப்பறை:
ஒரு மாநிலப் பல்கலைக்கழகத்தின் தேர்வுப் பிரிவில் பதினான்கு ஆண்டுகளாகத் தொகுப்பூதியத்தில் இருக்கிறேன். 89 நாளுக்கு ஓர் ஆணை. 90ஆம் நாள், பணி முறிந்ததாகக் காட்ட, வருகைப் பதிவேட்டில் என் பெயருக்கு நேரே சிவப்பு மையில் ஒரு கோடு. மறுநாள் புதிய ஆணை. கோடு போட்ட நாளிலும் விடைத்தாள் கட்டுகளுக்கு அரக்கு வைத்தது நான்தான். பணி வரன்முறை, அதாவது நிரந்தரம், கேட்டு நீதிமன்றம் போனால், முறையான தேர்வு இல்லாமல் தற்காலிகமாகச் சேர்ந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்ற உச்ச நீதிமன்றத்தின் உமாதேவி தீர்ப்பைக் காட்டி எதிர்வாதம் செய்கிறார்கள். அதே தீர்ப்பின் 53ஆம் பத்தி, பத்து ஆண்டு வேலை செய்தவர்களை வரன்முறை செய்யச் சொல்கிறதே!

தேர்வர்:
அண்ணா, அந்தப் பத்தியை முழுதாகப் படியுங்கள். 2006 ஏப்ரலில் தீர்ப்பு வந்தபோதே பத்து ஆண்டு முடித்திருக்க வேண்டும். அனுமதிக்கப்பட்ட காலிப் பணியிடமும் உரிய கல்வித் தகுதியும் வேண்டும். அதுவும் ஒரே ஒரு முறை தரப்பட்ட சலுகை. நீங்கள் அதற்குப் பின்னால் சேர்ந்தவர். இளநிலை உதவியாளர் பணிக்கு விளம்பரம் வராதா என்று நான் வருடக்கணக்காகக் காத்திருக்கிறேன். பின்வாசல் வழியாக வந்தவர்களை நிரந்தரமாக்கிவிட்டால், அரசியல் சாசனத்தின் 16ஆம் பிரிவு தரும் சமவாய்ப்பு எனக்கு எங்கே இருக்கிறது?

கோப்பறை:
தேதியைப் பற்றி நீங்கள் சொல்வது சரி தம்பி. ஆனால் சட்டம் 2006இல் நின்றுவிடவில்லை. மத்திய நீர் ஆணைய அலுவலகத்தைப் பெருக்கிய பெண்களும் தோட்ட வேலைக்காரர் ஒருவரும் தொடுத்த ஜக்கோ வழக்கில், 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் என்ன சொன்னது? நெடுங்காலம் உழைத்தவர்களின் நியாயமான கோரிக்கைக்கு எதிராக உமாதேவி தீர்ப்பை ஆயுதமாக்கக் கூடாது என்றது. 2025 ஆகஸ்டில், உத்தரப் பிரதேச உயர்கல்விப் பணியாளர் தேர்வாணையத்தின் தினக்கூலிகள் வழக்கு. பணியிடம் உருவாக்க நிதி இல்லை என்ற அரசின் வாதத்தை நீதிமன்றம் ஏற்கவில்லை. அனுமதிக்கப்பட்ட எண்ணிக்கைக்கு மேல் மிகைப் பணியிடங்களை உருவாக்கியாவது வரன்முறை செய்ய உத்தரவிட்டது.

வழக்காடி:
தொழிலாளர் சட்டம் என்று இன்னொரு வழியும் உண்டு. 1978இல் பெங்களூர் குடிநீர் வாரிய வழக்கில் ஏழு நீதிபதிகள் அமர்வு, கல்வி நிறுவனமும் ‘தொழில்’ என்றது. ஆசிரியர் ‘தொழிலாளர்’ அல்லர் என்று 1988இல் சுந்தராம்பாள் வழக்கில் தீர்ப்பானது. அலுவலக ஊழியருக்கு அந்தத் தடை இல்லை. ஆனால் 24 மாதங்களில் 480 நாள் வேலை செய்தால் நிரந்தரம் என்னும் தமிழ்நாட்டின் 1981ஆம் ஆண்டுச் சட்டத்துக்குள் பல்கலைக்கழகம் வருமா என்பதிலேயே முதல் சண்டை தொடங்கிவிடும். அதைவிட, நியமனம் சட்டவிரோதமானதா, வெறும் நடைமுறைக் குறை உள்ளதா என்பதுதான் பெரும்பாலும் வழக்கைத் தீர்மானிக்கும்.

தேர்வர்:
நானும் அதைத்தான் கேட்கிறேன். அண்ணா, உங்களை எடுக்கும்போது வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பட்டியல் கேட்டார்களா? யாராவது சொல்லி எடுத்தார்களா?

கோப்பறை:
பட்டியல் கேட்டுத்தான் எடுத்தார்கள் தம்பி. நேர்காணலுக்குப் பதினொரு பேர் வந்திருந்தோம். அந்த அழைப்புக் கடிதம் மடிப்பில் கிழிந்துவிட்டது; ஒட்டி வைத்திருக்கிறேன்.

வழக்காடி:
அதை முதல் ஆவணமாக இணையுங்கள். அந்த 89 நாள் ஆணைகளையும் ஒன்று விடாமல் வரிசையாக அடுக்கி வையுங்கள்.