குப்பைமேனியில் வரும் ‘மேனி’ உடம்பு அல்ல

ஆற்றங்கரையான் (சேரன்மகாதேவி)

“மேனியில் சேர்ந்த குப்பையை எடுப்பதால் இதற்குக் குப்பைமேனி என்று பெயர்” என்று ஒருவர் செடியைக் கையில் பிடித்துக்கொண்டு பேசும் காணொளி நேற்று ஒரே நாளில் மூன்று பேரிடமிருந்து எனக்கு வந்தது. மூன்றாவதை அனுப்பியவர் என் மைத்துனர். சொந்த வயலில் இறங்கி நிற்கிறவர். அவரே இதை நம்பி அனுப்பியதுதான் எனக்குத் தாங்கவில்லை.

திருநெல்வேலிச் சீமையில் குப்பை என்றால் வேண்டாம் என்று தூக்கி எறிவது அல்ல. தொழுவில் அள்ளிய சாணம், அடுப்புச் சாம்பல், மாடு மிதித்துக் கழித்த வைக்கோல் எல்லாம் குழியில் கிடந்து மக்கினால் அது குப்பை. கார் சாகுபடிக்கு முன்னால் வண்டி கட்டி வயலுக்குக் குப்பை அடிப்போம். எத்தனை வண்டி அடித்திருக்கிறான் என்பதை வைத்துத்தான் ஒருவனுடைய விவசாயத்தை எடை போட்டார்கள். மேனி என்றால் விளைச்சல். பிசானப் பருவ நெல்லை அறுத்துக் களத்தில் பொலி அளக்கும்போது “மேனி எப்படி?” என்று கேட்டால் கோட்டை என்ற நெல் அளவுக் கணக்கில் பதில் வரும். உடம்பு சௌகரியமா என்று கேட்டதாக எவரும் எடுத்துக்கொள்ள மாட்டார்.

விதைக்காமல், தண்ணீர் பாய்ச்சாமல், குப்பைக்குழியின் கரை தானாகக் கொடுக்கிற மேனி குப்பைமேனி. பெயர் வைத்தவன் சம்சாரி, அதாவது விவசாயி. அவனை ஒதுக்கிவிட்டு எதையாவது சொல்லாதீர்கள்.

மருந்துரல் (பாளையங்கோட்டை)

அண்ணாச்சி, குப்பை என்றால் எரு என்பது சரி. மேனி என்றால் உடம்புதான். இந்த இலையைக் கல்லுப்பு வைத்து அரைத்துச் சொறி சிரங்குக்குப் பூசாத வீடு நம் பக்கத்தில் உண்டா? பூச்சிக்கடிக்குச் சாற்றோடு சுண்ணாம்பு குழைப்பார்கள். மஞ்சளோடு அரைத்து உடம்பு முழுவதும் தேய்த்துக் குளிப்பாட்டுவார்கள். எல்லாமே தோலுக்கு. குப்பையாகிப்போன மேனிக்கு மருந்து, அதனால் குப்பைமேனி. பாளையங்கோட்டை அரசு சித்த மருத்துவக் கல்லூரியில் இந்தச் செடியைக் கையில் வைத்துப் படித்தவள் நான். பெயர் வைத்தவர் மருத்துவர்.

ஆற்றங்கரையான்

டாக்டரம்மா, தோலுக்குப் பூசுவதை நான் மறுக்கவே இல்லை. என் தம்பிக்கு நான்கு வயதில் விரலிடுக்கெல்லாம் சிரங்கு வந்தபோது அம்மா குழிக்கரையில் இருந்துதான் பறித்து வந்து அரைத்துப் போட்டாள். எரிச்சலில் அவன் தொழுவைச் சுற்றி ஓடியது இன்னும் கண்ணில் நிற்கிறது. ஆனால் பயன் வேறு, பெயர் வேறு. தோலுக்குப் போடுவதெல்லாம் மேனி என்றால் வேப்பிலையை ஏன் வேப்பமேனி என்று சொல்லவில்லை? குப்பை என்றால் எரு. மேனி என்றால் விளைச்சல்.

தேரிக்காட்டான் (திசையன்விளை)

எங்கள் பக்கத்தில் இதற்குக் குப்பைமேனி என்ற பெயரே கிடையாது, பூனைவணங்கி என்போம். இல்லாத பெயருக்கு இரண்டு பேரும் ஏன் அடித்துக்கொள்கிறீர்கள்?

ஆற்றங்கரையான்

தம்பி, திசையன்விளையில் இல்லை என்றால் உலகத்திலேயே இல்லை என்று ஆகிவிடாது. ஆற்றுப் பாசனமும் குப்பைக்குழியும் இருந்த ஊர்களில் போய்க் கேளுங்கள். செம்மணல் தேரியில் இருந்துகொண்டு வயல் பெயரைத் தீர்மானிக்க முடியாது.

தேரிக்காட்டான்

தேரியில் இருப்பவனுக்குத் தமிழ் தெரியாதா? பனையேறிப் பிழைத்த ஊர் என்றால் உங்களுக்கு எப்போதும் இளக்காரம்தான். தண்ணீர் ஓடுகிற ஊர்க்காரர் வைத்த பெயர்தான் பெயரா? பூனைவணங்கி என்ற பெயரில் ஒரு சந்தேகமும் கிடையாது. வேரோடு பிடுங்கித் தரையில் போட்டால் அரை நாழிகைக்குள் பூனை வந்துவிடும். எங்கள் வீட்டுச் சாம்பல் பூனை முதலில் வேரை மோந்து பார்க்கும். பிறகு முகவாயைத் தரையில் வைத்து வேர் மேல் தேய்க்கும். எச்சில் ஒழுகும், மல்லாந்து புரளும், மறுபடியும் வந்து தலையை இறக்கி வைக்கும். கும்பிடுகிறது. கண்ணால் பார்த்து வைத்த பெயர் எங்களுடையது.

ஏட்டுச்சுவடி (சங்கரன்கோவில்)

முப்பது ஆண்டு தமிழ் சொல்லிக்கொடுத்தவன் என்ற முறையில் இரண்டு திருத்தம். முதலாவது, வணங்குதல் என்பதற்கு வளைதல் என்ற பொருளும் உண்டு. குறள் 827-இல் வில்வணக்கம் என்று வருவது வில் வளைவது. ஆகவே பூனை கும்பிடவில்லை, வளைகிறது. இரண்டாவது, மேனி என்றால் உடம்பும் இல்லை, விளைச்சலும் இல்லை. “போட்டது போட்ட மேனிக்குக் கிடக்கிறது”, “இருந்த மேனிக்கு எழுந்து வந்தான்” என்று நம் வீடுகளில் நாள்தோறும் சொல்கிறோம். மேனி என்றால் கிடக்கும் நிலை. குப்பை மேனிக்கு முளைத்துக் கிடப்பது குப்பைமேனி. வேறு விளக்கம் தேவையில்லை.

தேரிக்காட்டான்

பூனை வளைவதற்கா எங்கள் ஆச்சி பெயர் வைத்தாள்? பூனை எப்போதும் வளைந்துதான் படுக்கும். தலை வைக்கிறது ஐயா, தலை வைக்கிறது. வணக்கம் என்றால் கும்பிடுவதுதான்.

ஆற்றங்கரையான்

வாத்தியார் ஐயாவுக்கு ஒரு கேள்வி. குப்பை மேனிக்குக் கிடப்பது என்றால் நாயுருவியும் அப்படித்தான் கிடக்கிறது, நெருஞ்சியும் அப்படித்தான் கிடக்கிறது. இது ஒன்றுக்கு மட்டும் அந்தப் பெயர் ஏன்? இன்னொன்றும் சொல்கிறேன். போன மாதம் சாரணத்தியும் மூக்கிரட்டையும் ஒரே செடி என்று அடித்துப் பேசினீர்கள். மூக்கிரட்டையின் காய் வேட்டியில் ஒட்டும், சாரணத்திக்காய் ஒட்டாது, அதற்கு மூடி திறந்து கறுப்பு விதை கொட்டும் என்று படத்தோடு காட்டினேன். அதன் பிறகு நீங்கள் அந்தப் பக்கமே வரவில்லை. முதலில் அதற்குப் பதில் சொல்லுங்கள்.

ஏட்டுச்சுவடி

அந்தப் படம் தெளிவாக இல்லை. இரண்டையும் சாரணை என்று சொல்லும் வழக்கம் இருக்கிறது என்றுதான் சொன்னேன். பேச்சை மாற்றாதீர்கள். உங்கள் விளக்கத்துக்கும் அதே கேள்வியைத் திருப்பிப் போடுகிறேன். குப்பைக்கீரை என்று ஒன்று இருக்கிறதே, அதுவும் அதே குழிக்கரையில்தான் முளைக்கிறது, விதைக்காமலே முளைக்கிறது. சமைத்துச் சாப்பிடவும் உதவுகிறது. குப்பை கொடுத்த விளைச்சல் என்றால் அதற்கல்லவா மேனி என்று பெயர் வந்திருக்க வேண்டும்?

மருந்துரல்

இதற்கு அண்ணாச்சியின் பதிலைக் கேட்கக் காத்திருக்கிறேன்.

ஆற்றங்கரையான்

கீரைக்குக் கீரை என்று பெயர் இருக்கிறது, அதனால் மேனி என்று சொல்லவில்லை. இதில் என்ன குழப்பம்?

மருந்துரல்

இது பதில் இல்லை அண்ணாச்சி.

சாரல்காற்று (செங்கோட்டை)

அண்ணாச்சி சொல்வதில் பாதி உண்மை. மலையாளத்தில் அமோக விளைச்சலை இன்றும் ‘நூறுமேனி’ என்றுதான் சொல்கிறார்கள். நெல் அறுவடைச் செய்தி எதைப் பார்த்தாலும் அந்தச் சொல் இருக்கும். எங்கள் ஊர் 1956 வரை திருவிதாங்கூரிலும் பிறகு அது சேர்ந்த திருவிதாங்கூர்-கொச்சியிலுமாக இருந்தது, ஆகவே இரண்டு பக்க வழக்கும் எங்கள் காதில் விழும். ஆனால் இந்தப் பெயர் நெல்லைக்கு மட்டும் சொந்தம் என்று பேசாதீர்கள். டச்சுக்காரர் வான் ரீடு 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளியிட்ட ‘ஹோர்டஸ் மலபாரிகஸ்’ என்ற மலபார்ச் செடிகளின் படநூலில் இந்தச் செடி குப்பமேனி என்ற பெயரிலேயே இருக்கிறது. இட்டி அச்சுதன் முதலிய கேரள வைத்தியர்கள் சொல்லச் சொல்ல எழுதிய நூல் அது. தாவரவியலாளர் லின்னேயஸ் 1753-இல் இதற்கு அகாலிபா இண்டிகா என்று அறிவியல் பெயரிட்டபோது அந்தப் படத்தைத்தான் சுட்டினார். பூனைவணங்கிக்கும் அங்கே பெயர் உண்டு, பூச்சமயக்கி. பூனை கும்பிடவும் இல்லை, வளையவும் இல்லை. மயங்குகிறது.

மருந்துரல்

பார்த்தீர்களா, சொன்னவர்கள் வைத்தியர்கள். சம்சாரிகள் இல்லை. 

ஆற்றங்கரையான்

வைத்தியர் சொன்னார் என்றால் வைத்தியர் பெயர் வைத்தார் என்று அர்த்தமா? வைத்தியரும் ஊரில் வழங்கிய பெயரைத்தான் சொல்லியிருப்பார். செங்கோட்டைத் தம்பி கொண்டுவந்த நூறுமேனி ஒன்று போதும். மேனி என்றால் விளைச்சல் என்பதற்கு மலைக்கு அந்தப் பக்கத்துச் சாட்சியும் வந்துவிட்டது. குப்பை என்றால் எரு, மேனி என்றால் விளைச்சல். இனி யார் என்ன சொன்னாலும் இதுதான்.

சாரல்காற்று

நான் பாதி என்றேன். முழுதும் என்று எடுத்துக்கொண்டீர்கள்.

தேரிக்காட்டான்

மயங்குகிறதாம்! எங்கள் ஊர்ப் பூனைக்கு மலையாளப் பெயர் எதற்கு? தலை வைக்கிறது என்று மூன்றாவது முறை சொல்கிறேன்.

மருந்துரல்

ஒன்றை மட்டும் எல்லோரும் தயவுசெய்து கவனியுங்கள். அந்தக் காணொளியில் பெயர் விளக்கத்தைவிட மோசமான ஒன்று இருக்கிறது. காலையில் வெறும் வயிற்றில் ஒரு டம்ளர் சாறு குடிக்கச் சொல்கிறார். ஜி6பிடி என்ற நொதி உடம்பில் பிறவியிலேயே குறைவாக இருக்கிறவர்கள் குப்பைமேனியை உள்ளுக்குச் சாப்பிட்டால் ரத்தத்தின் சிவப்பணுக்கள் உடைந்துபோகும். சிறுநீர் கறுத்து, கண் மஞ்சளாகி மருத்துவமனைக்குப் போக வேண்டி வரும். தனக்கு அந்தக் குறை இருப்பது பலருக்குத் தெரியவே தெரியாது. வெளியே பூசுவது வேறு, குடிப்பது வேறு. உள்மருந்து அளவு பார்த்துக் கொடுக்க வேண்டியது.

தேரிக்காட்டான்

அக்கா, எங்கள் ஆச்சி குழந்தைகளுக்குப் பூச்சி வெளியேற இதைக் கொடுத்திருக்கிறாள். ஊரில் ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. நம் பாட்டிகளுக்குத் தெரியாததையா நீங்கள் கண்டுபிடித்துவிட்டீர்கள்?

மருந்துரல்

உங்கள் ஆச்சி எத்தனை இலை போட்டாள் என்று தெரியுமா? அவள் குழந்தையின் முகத்தைப் பார்த்துக் கொடுத்தாள். முகம் தெரியாத ஆயிரம் பேருக்கு ஒரு டம்ளர் என்று சொல்லவில்லை. நான் ஆச்சியைக் குறை சொல்லவில்லை, அந்த டம்ளரைச் சொல்கிறேன்.

ஆற்றங்கரையான்

டாக்டரம்மா சொன்னது முக்கியம், யாரும் குடிக்க வேண்டாம். ஆனால் பேசிக்கொண்டிருந்தது பெயரைப் பற்றி. பெயருக்கு வருவோம்.

இன்று காலை எழுந்ததும் எங்கள் பழைய குழிப் பக்கம் போனேன். மாடு விற்று ஏழு ஆண்டு ஆகிறது, குழி பாதி தூர்ந்துவிட்டது. ஆனால் கரை முழுக்கக் குப்பைமேனி. குனிந்து ஒரு செடியை மேலிருந்து பார்த்தேன். அடியிலையின் காம்பு நீளம், மேலே போகப் போகக் குட்டை. ஒரு இலையின் நிழல் இன்னொன்றின் மேல் விழாமல், இடைவெளி பார்த்து அடுக்கி வைத்திருக்கிறது. கதிரை உருட்டிப் பார்த்தால் பல் வைத்த சின்னக் கிண்ணங்கள், ஒவ்வொன்றின் உள்ளேயும் காய். இந்தக் கதிரையும் இந்தக் காயையும் பார்த்த ஒரு சம்சாரி இதை விளைச்சல் என்று சொல்லாமல் வேறு என்ன சொல்வான்? குப்பைக்கீரைக்கும் இதுதான் பதில்.

ஏட்டுச்சுவடி

குப்பைக்கீரைக்கும் கதிர் உண்டு. உங்களைவிட நன்றாகவே உண்டு.

ஆற்றங்கரையான்

என்னைவிடவா? வாத்தியார் கோபத்தில் இலக்கணத்தைக் கோட்டைவிட்டார்.

ஏட்டுச்சுவடி

உங்கள் குப்பைமேனியைவிட என்று பொருள். புரியாதது போல நடிக்க வேண்டாம். சாரணத்தி விஷயத்திலும் இதே வேலைதான் செய்தீர்கள், நான் சொன்னதில் ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு ஒரு வாரம் தொங்கினீர்கள். மேனி என்றால் நிலை. போட்டது போட்ட மேனிக்கு. உங்கள் வீட்டில் யாரும் இப்படிச் சொன்னதே இல்லையா?

ஆற்றங்கரையான்

சொல்வார்கள். அது வேறு மேனி.

மருந்துரல்

அவர் சொன்னால் வேறு மேனி, நீங்கள் சொன்னால் மட்டும் ஒரே மேனியா? தோல் என்று நான் சொன்னதற்கு இதுவரை வேப்பமேனியைத் தவிர ஒரு மறுப்பும் வரவில்லை.

சாரல்காற்று

அண்ணாச்சி, ஒன்று கேட்கிறேன். உங்கள் ஊரில் குப்பை அடித்து, மேனி கண்ட பெரியவர் யாராவது இந்தச் செடியைக் காட்டி “இது குப்பை கொடுத்த மேனி” என்று தம் வாயால் சொல்லி நீங்கள் கேட்டதுண்டா? அல்லது இரண்டு சொல்லையும் நீங்களே சேர்த்து வைத்தீர்களா?

ஆற்றங்கரையான்

என் அப்பா சொல்லுவார்.

சாரல்காற்று

இதே வார்த்தையிலா?

ஆற்றங்கரையான்

குப்பை என்றும் சொல்லுவார், மேனி என்றும் சொல்லுவார். இரண்டுக்கும் அர்த்தம் அவரிடம் கற்றதுதான். நாளைக்கு அந்தக் குழிக்கரையைப் படம் எடுத்துப் போடுகிறேன். பார்த்துவிட்டுப் பேசுங்கள்.

மருந்துரல்

படத்தில் செடி தெரியும் அண்ணாச்சி. மேனி என்ற சொல்லுக்கு அர்த்தம் தெரியாது.

தேரிக்காட்டான்

படம் எடுக்கப் போகும்போது ஒன்றை வேரோடு பிடுங்கிப் பக்கத்தில் போடுங்கள். பூனை வந்து தலை வைக்கும். அதையும் சேர்த்து எடுத்துப் போடுங்கள்.

ஏட்டுச்சுவடி

வளையும்.