68 அணி, 67 ஆட்டம்: அமெரிக்கக் கல்லூரி நாக்அவுட் அமைப்பு நம் 13 அணிகளுக்கு ஒத்துவருமா?

பிடோக்_பந்து:

வணக்கம். ஜூன் விடுமுறையில் சிங்கப்பூரில் எங்கள் வட்டாரச் சமூக மன்றத்தில் கூடைப்பந்து நாக்அவுட் நடத்தப் போகிறோம். 13 அணிகள் பெயர் கொடுத்திருக்கின்றன. பெரும்பாலும் பாலிடெக்னிக், பல்கலைக்கழகப் பிள்ளைகள். கூரை போட்ட ஒரே திடல், இரண்டு சனிக்கிழமைகள், அவ்வளவுதான் கையில் இருப்பது. குழுவில் பாதிப் பேர் அமெரிக்கக் கல்லூரிகளின் என்சிஏஏ கூடைப்பந்துப் போட்டியான மார்ச் மேட்னஸ் மாதிரியே பிராக்கெட் (யார் யாரோடு மோதுவது என்று காட்டும் கோட்டுப் படம்) போடலாம் என்கிறார்கள்.

அதை டிவியில் பார்த்திருக்கிறேன், உள்கணக்கு புரியவில்லை. 64 என்றால் சரி, இரண்டால் வகுத்துக்கொண்டே போகலாம். 68 எங்கிருந்து வந்தது? முதலிடத்துக்காரனை ஏன் 16ஆம் இடத்துக்காரனோடு மோத விடுகிறார்கள்? 13ஐ அந்த மாதிரி அடுக்க முடியுமா, இல்லை குலுக்கல் போட்டுவிட்டுப் போய்விடலாமா?

மூணு_புள்ளி:

முதலில் ஒரு சின்னக் கணக்கு. நாக்அவுட்டில் ஒவ்வோர் ஆட்டமும் ஓர் அணியை வீட்டுக்கு அனுப்பும். ஓர் அணி மட்டும் மிஞ்ச வேண்டுமென்றால் 68 அணிக்கு 67 ஆட்டம், 13 அணிக்கு 12. எப்படி அடுக்கினாலும் இந்த எண் மாறாது. யார் யாரோடு, எப்போது என்பதுதான் மாறும். சண்டை வருவதும் அங்கேதான்.

68க்கு வருவோம். 1939இல் ஆரம்பிக்கும்போது 8 அணிதான். 1951இல் 16, 1975இல் 32, 1985இல் 64. அதோடு நின்றிருந்தால் அழகாக இருந்திருக்கும். ஆனால் அமெரிக்கக் கல்லூரிகள் 'கான்ஃபரன்ஸ்' என்ற குழுக்களாகப் பிரிந்திருக்கின்றன, ஒவ்வொரு கான்ஃபரன்ஸ் சாம்பியனுக்கும் நேரடி இடம் உண்டு. புதிதாக மவுன்டன் வெஸ்ட் என்ற கான்ஃபரன்ஸ் வந்தபோது அதற்கும் ஓர் இடம் கொடுக்க வேண்டியதாயிற்று. சாம்பியன் ஆகாத மற்றவர்களுக்குத் தேர்வுக்குழு கொடுக்கும் 34 இடங்களில் கைவைக்க மனமில்லை. ஆகவே 2001இல் 65, கடைசி இரண்டு அணிக்கு ஒரு முன்னாட்டம். 2011இல் அதையே நான்கு முன்னாட்டமாக்கி 68 ஆக்கினார்கள். அதற்குப் பெயர் 'ஃபர்ஸ்ட் ஃபோர்', ஒஹாயோவின் டேட்டன் நகரில் செவ்வாய், புதன் இரண்டு நாளும் நடக்கும்.

இதில் பலர் தவறாக நினைக்கும் ஓர் இடம்: முன்னாட்டம் ஆடும் எட்டு அணியும் கடைசி எட்டு அல்ல. நேரடி இடம் பெற்ற சாம்பியன்களில் ஆகக் கீழே இருக்கும் நான்கு அணிகள் இரண்டு ஆட்டம் ஆடும். ஜெயிப்பவர்களுக்கு 16ஆம் சீடு, அதாவது பிராக்கெட்டில் 16ஆம் தர இடம். தேர்வுக்குழு தயவில் உள்ளே வந்தவர்களில் கடைசி நான்கு அணிகள் மற்ற இரண்டு ஆட்டம். அவர்களுக்கு வழக்கமாக 11 அல்லது 12ஆம் சீடு. அங்கிருந்து கிளம்பி அரையிறுதி வரை போனவர்கள் இருக்கிறார்கள்: 2011இல் விசியு, 2021இல் யுசிஎல்ஏ.

பிறகு மிஞ்சும் 64ஐ கிழக்கு, மேற்கு, தெற்கு, மிட்வெஸ்ட் என நான்கு வட்டாரமாகப் பிரிப்பார்கள். வட்டாரத்துக்கு 16. அதில் 1-16, 8-9, 5-12, 4-13, 6-11, 3-14, 7-10, 2-15 என்று ஜோடி. எதையும் கூட்டிப் பாருங்கள், 17 வரும். மேல்வரிசை அணிகளே ஜெயித்துக்கொண்டு போனால் அடுத்த சுற்றில் கூட்டுத்தொகை 9, அதற்கடுத்து 5, வட்டார இறுதியில் 1-2 மோதி 3. நீங்கள் வரையும் தாளையும் இப்படிக் கூட்டிச் சரிபார்க்கலாம். ஓரிடத்தில் உதைத்தாலும் எங்கோ இடம் மாறிவிட்டது என்று அர்த்தம்.

1ஐ 16இடம் விடுவது செல்லம் கொடுப்பதற்கு அல்ல. சீசன் முழுக்க ஜெயித்ததற்குக் கூலி அது; நல்ல அணிகள் இரண்டு முதல் நாளே மோதி ஒன்று காலியாகிவிடாமலும் பார்த்துக்கொள்கிறது. 1985 முதல் 2017 வரை 33 ஆண்டு, 132 ஆட்டம், ஒன்றில்கூட 16ஆம் சீடு ஜெயித்ததில்லை. 2018இல் யுஎம்பிசி வந்து வர்ஜீனியாவை 74-54 என்று சாத்தியது. 2023இல் ஃபேர்லி டிக்கின்சன், அதுவும் முன்னாட்டம் ஆடி உள்ளே வந்த அணி, பர்டியுவை 63-58இல் அனுப்பியது. நேர்மாறாக 2008இலும் 2025இலும் நான்கு முதல் சீடுகளும் அப்படியே அரையிறுதிக்கு வந்தன.

பரிதாபமான இடம் 8-9தான். முதல் ஆட்டம் சமபலத்தோடு, ஜெயித்தால் நேரே 1ஆம் சீடு. 10 அல்லது 11ஆக இருப்பது பல நேரம் அதைவிட மேல். ஆனாலும் 1985இல் 8ஆம் சீடு வில்லனோவா கோப்பையையே தூக்கியது. அதைவிடக் கீழ் சீடு எதுவும் இதுவரை தூக்கவில்லை.

இன்னொன்று, சுற்று முடிந்ததும் மறுபடி அடுக்க மாட்டார்கள். அமெரிக்கக் கால்பந்தின் என்எஃப்எல்லில் அப்படி மறு அடுக்கல் உண்டு. இங்கே முதல் ஞாயிறு வரைந்த கோடு கடைசித் திங்கள் வரை அப்படியே. அதனால்தான் கோடிக்கணக்கான பேர் தாளில் முன்கூட்டியே நிரப்பிப் பந்தயம் வைத்துக்கொள்ள முடிகிறது. முன்னாட்டம் நான்கை விட்டால் மிஞ்சும் 63 ஆட்டத்துக்கு எத்தனை விதமாக நிரப்பலாம் தெரியுமா? சதுரங்கப் பலகையில் கட்டத்துக்குக் கட்டம் இரட்டிப்பாக அரிசி கேட்ட கதையில் 64ஆவது கட்டத்துக்கு மட்டும் எத்தனை மணியோ, அத்தனை. 92 ஆயிரம் கோடி கோடிக்கு மேல்ன்னு சொன்னால் மட்டும் புரிந்துவிடவா போகிறது!

ஈசூன்_விசில்:

மேலே சொன்னது சரி. அணிகளை எப்படித் தேர்ந்தெடுத்து எங்கே வைக்கிறார்கள் என்பது விட்டுப்போயிற்று. உங்களுக்கு அதுதான் அதிகம் உதவும்.

நேரடி இடம், தேர்வு இடம் இரண்டின் எண்ணிக்கையைப் பழைய கட்டுரைகளில் 32, 36 என்று பார்ப்பீர்கள். 2025இல் அது 31, 37. பேக்-12 என்ற கான்ஃபரன்ஸ் கலைந்துபோனதால் ஒரு நேரடி இடம் குறைந்தது. 12 பேர் கொண்ட குழு உட்கார்ந்து 1 முதல் 68 வரை ஒரே வரிசையில் எழுதும். கையில் 'நெட்' என்ற தரவரிசை இருக்கும், 2018-19 சீசனிலிருந்து அதுதான். யாரை ஜெயித்தோம் என்பதோடு எங்கே ஜெயித்தோம் என்பதும் அதில் கணக்கு. 60ஆம் இடத்து அணியைச் சொந்தத் திடலில் வென்றால் அது இரண்டாந்தர வெற்றி. அதே அணியை அவர்கள் திடலில் போய் வென்றால் முதல்தரம். முதல்தரத்துக்கு எல்லை: சொந்தத் திடலில் 30ஆம் இடம் வரை, பொதுத் திடலில் 50 வரை, எதிரணித் திடலில் 75 வரை.

அடுக்கும்போது இன்னொரு விதி. ஒரே கான்ஃபரன்ஸ் அணிகள் சீக்கிரம் மோதக்கூடாது. அந்த சீசனில் ஏற்கனவே மூன்று முறை மோதியிருந்தால் வட்டார இறுதிக்கு முன் சந்திக்கக்கூடாது. இரண்டு முறை என்றால் 16 அணிச் சுற்றுக்கு முன் கூடாது. இதற்காக ஓர் அணியை உண்மையான இடத்திலிருந்து ஒரு படி மேலேயோ கீழேயோ நகர்த்துவார்கள்.

உங்கள் 13இலும் ஒரே பாலிடெக்னிக்கிலிருந்து இரண்டு, மூன்று அணி கட்டாயம் இருக்கும். 6உம் 11உம் ஒரே கல்லூரி என்றால் 11ஐ 10ஆக்கி, 10ஐ 11ஆக்குங்கள். அதற்கு மேல் நகர்த்த வேண்டாம், வரிசைக்கே அர்த்தமில்லாமல் போய்விடும். இந்த விதியைப் பிராக்கெட் போடும் முன்பே எழுதி ஒட்டிவிடுங்கள். போட்ட பிறகு மாற்றினால் காரணம் என்ன சொன்னாலும் யாரும் நம்ப மாட்டார்கள்.

தோபாயோ_பெஞ்ச்:

பிடோக் தம்பி, நேரா 13க்கு வரேன். குலுக்கல் மட்டும் போட்டு விட்றாதீங்க லா.

எல்லாரும் பண்ற தப்பு இது: 13 பேரை ஜோடி போடுவாங்க, ஆறு ஆட்டம், ஒருத்தனுக்கு பை, அதாவது ஆடாமலே அடுத்த சுற்று. அடுத்த சுற்றுல 7 பேர், மூணு ஆட்டம், மறுபடி ஒருத்தனுக்கு பை. மொத்தம் 12 ஆட்டம்தான் வரும், கணக்கு இடிக்காது. ஆனா ரெண்டாவது பை வாங்குறவன் ஒரே ஒரு ஆட்டம் ஜெயிச்சு அரையிறுதிக்கு வந்துருவான். மத்தவன் ரெண்டு ஆட்டம் ஆடி மூச்சு வாங்கிட்டு நிப்பான். பை எல்லாமே முதல் சுற்றுலயே தீர்ந்துடணும்.

மாஜோங் பேப்பர், அதான் பெரிய வெள்ளைத் தாள், ஒண்ணு வாங்கி, இடது ஓரத்துல 16 கோடு போடுங்க. மேல் பாதியில வரிசையா 1-16, 8-9, 5-12, 4-13. கீழ் பாதியில 3-14, 6-11, 7-10, 2-15. 14, 15, 16 இல்லையா, அதுல 'பை'ன்னு எழுதுங்க. ஆக 1, 2, 3க்கு ஓய்வு. ஆட வேண்டியது 8-9, 5-12, 4-13, 6-11, 7-10. அஞ்சு ஆட்டம், அஞ்சு பேர் வெளியே, மிச்சம் எட்டு. அப்புறம் வழக்கமான காலிறுதி.

யோசிச்சுப் பாத்தா ஃபர்ஸ்ட் ஃபோரும் இதேதான். 128 கோடு போட்டு 60 பேருக்கு பை கொடுத்த மாதிரி. டிவியில சொன்னா அசிங்கமா இருக்கும்னு பேர மாத்திட்டாங்க.

சீடு யார் குடுக்கறதுன்னு சண்டை வரும். முதல் நாலு இடத்துக்கு மட்டும் மெனக்கெடுங்க, ஏன்னா 3க்கு பை, 4க்கு இல்ல. 13 கேப்டனும் தன் டீமை விட்டுட்டு மத்த 12 டீமை வரிசைப்படுத்தி சீட்டுல எழுதித் தரட்டும். ஒவ்வொரு டீமுக்கும் வந்த நம்பர்ல ஆக உயர்ந்தது ஒண்ணு, ஆகக் குறைஞ்சது ஒண்ணு தூக்கிட்டு சராசரி. வேணும்னே கீழ தள்றவன் ஓட்டு அதுல அடிபட்டுப் போயிடும். 5லேர்ந்து 13 வரைக்கும் குலுக்கல் போட்டுக்கோங்க, தப்பில்ல.

நேரம்: 15, 15 நிமிஷம், கடிகாரம் நிக்காம ஓடணும், ரெண்டாவது பாதியோட கடைசி 2 நிமிஷம் மட்டும் நிறுத்தி ஓட்டுங்க. இடைவேளை 3. பாதிக்கு ஒரு டைம்அவுட். அடுத்த டீம் சூடு பண்ண 5 நிமிஷம். எல்லாம் சேர்ந்து 45 நிமிஷம் ஒரு ஆட்டத்துக்கு. முதல் சனிக்கிழமை காலை 9க்கு 8-9, 9.45க்கு 7-10, 10.30க்கு 6-11, 11.15க்கு 5-12, 12க்கு 4-13. முடிய 12.45. அங்க ஒரு 45 நிமிஷம் சும்மா விடுங்க. சாப்பாட்டுக்குன்னு சொல்லிக்கலாம், உண்மையில அது ஓவர்டைம் வந்தா விழுங்கறதுக்கு. 1.30லேர்ந்து காலிறுதி: முதல்ல 1ஆம் சீடு, அப்புறம் 2, அப்புறம் 3, கடைசியா 3.45க்கு 5-12ல ஜெயிச்சவனும் 4-13ல ஜெயிச்சவனும். இந்த வரிசையில போனா ரெண்டாவது ஆட்டம் ஆடறவனுக்குக் குறைஞ்சது மூணு மணி நேரம் கால் ஆறும். 4-13ஐ காலையில முன்னாடி போட்டு 8-9ஐ 12 மணிக்குத் தள்ளினா, ஜெயிச்சவன் முக்கால் மணி நேரத்துல, காலையிலேர்ந்து உக்காந்திருக்கிற முதல் சீடோட மோதணும். அநியாயம்.

ஓவர்டைம் என்சிஏஏல 5 நிமிஷம். உங்களுக்கு 3 போதும், அதுலயும் சமம்னா முதல்ல ரெண்டு புள்ளி எடுக்கறவன் ஜெயிச்சான். வராத டீமுக்கு உலகக் கூடைப்பந்து அமைப்பு ஃபிபா 15 நிமிஷம் தருது, உங்க அட்டவணைக்கு அது தாங்காது, 10ன்னு எழுதிடுங்க. ஜூன் மாசம் காலையில சுமத்ரா காத்து அடிச்சா கூரை இருந்தும் பக்கத்துலேர்ந்து சாரல் உள்ள வரும். மாப் நாலு வைங்க.

பிடோக்_பந்து:

ரொம்ப நன்றி அண்ணே. தாளில் போட்டுப் பார்த்தேன், கூட்டுத்தொகை 17, 9, 5, 3 சரியாக வருகிறது. இரண்டு சந்தேகம். ஆதரவாளர் மூன்றாம் இடத்துக்கும் கோப்பை தருகிறார், அந்த ஆட்டத்தை எங்கே நுழைப்பது? கடைசி நேரத்தில் ஓர் அணி விலகினால் மறுபடி அடுக்க வேண்டுமா?

ஈசூன்_விசில்:

அடுக்கவே கூடாது. எதிரணிக்கு வாக்ஓவர், கோடு அப்படியே. 2021இல் கோவிட் பிரச்சினையால் விசியு ஆட முடியாமல் போனபோது ஓரிகன் பந்தைத் தொடாமலே இரண்டாம் சுற்றுக்குப் போனது. யாரையும் இடம் மாற்றவில்லை. 1, 2, 3 விலகினாலும் இதேதான்: அவர்களைக் காலிறுதியில் சந்திக்க வேண்டியவர் நேரே அரையிறுதி.

மூன்றாம் இட ஆட்டத்தை என்சிஏஏ 1981ஆம் ஆண்டோடு நிறுத்திவிட்டது. என்னைக் கேட்டால் நீங்களும் வைக்க வேண்டாம், தோற்ற இரண்டு பேருக்கும் கோப்பை கொடுத்துவிடுங்கள். வைத்தே ஆக வேண்டுமென்றால் ஒரு பொறி இருக்கிறது. இரண்டாம் அரையிறுதி முடிந்த கையோடு அதை வைத்தால், தோற்றவன் வியர்வை காயாமல் திரும்ப இறங்க வேண்டும். அதைத் தவிர்க்க, இரண்டாம் சனிக்கிழமை அரையிறுதிகள் மாலை 3க்கும் 3.45க்கும், 45 நிமிடம் இடைவெளி, 5.15க்கு மூன்றாம் இடம், 6க்கு இறுதி. இடைவெளியில் மூன்று புள்ளி எறியும் போட்டி வைத்தால் கூட்டம் கோப்பிக்கடைப் பக்கம் கலையாது.

மூணு_புள்ளி:

உங்கள் குழு அசலைப் பார்த்துப் பழக நினைத்தால்: மார்ச் நடுவில் அமெரிக்கக் கிழக்குக் கரைக்கும் நமக்கும் சரியாக 12 மணி நேர வித்தியாசம். தேர்வு அறிவிப்பு அங்கே ஞாயிறு மாலை என்றால் இங்கே திங்கள் காலை. 64 அணிச் சுற்று அங்கே வியாழன் நண்பகலில் தொடங்கும்போது நமக்கு வெள்ளி பிறக்கும் நள்ளிரவு. இறுதி ஆட்டம் செவ்வாய் காலை ஒன்பது மணி வாக்கில், வேலைக்குப் போகும் எம்ஆர்டி ரயிலில்தான் பார்க்க வேண்டியிருக்கும்.