லேடீஸ் சீட்டுக்கு மாமா போட்டோ எதுக்கு?

மேலூர்க்காரி:
எங்க ஊராட்சித் தலைவர் பதவி 2019லயே லேடீஸ் சீட்டு. அத்தை பூட்டு சாவி சின்னத்துல நின்னு தோத்தாங்க. மறுபடி நிக்கப் போறாங்க, நோட்டீஸ் எழுதற வேலை என் தலையில. பழசை எடுத்துப் பாத்தா மாமா கும்பிட்டபடி முக்கால் பக்கத்துக்கு நிக்கிறாரு. அத்தை மூலையில, ஸ்டாம்ப் சைஸ்ல. பேருக்குக் கீழ "இன்னாரின் துணைவியார்"னு வேற.

மைக்ல முதல் வார்த்தை "தாய்மார்களே". வாசலுக்கு வந்ததும் கோலம் போட்டுக்கிட்டிருக்கற அக்காகிட்டயே "வீட்ல யாரும் இல்லையா?"ன்னு கேப்பாங்க. அப்ப அந்தக்கா யாரு?

மாமாகிட்ட சொன்னா, "என் மூஞ்சிக்குத்தான் ஓட்டு விழும், நீ பிழையில்லாம எழுது"ங்கறாரு. உங்க ஊர்ல எப்படி எழுதினீங்க?

பழைய பூத் ஏஜென்ட்:
தங்கச்சி, மாமா சொல்றது முழுப் பொய்யில்ல. பங்காளி ஓட்டு அவர் மூஞ்சிக்குத்தான். ஆனா நூறு நாள் வேலை நடக்கற கம்மாக்கரையில அது செல்லாது. நாங்க எட்டுப் பேர் துண்டைப் போட்டுக்கிட்டுப் போய் நின்னோம். "சரிங்கய்யா, சரிங்கய்யா"ன்னாங்க, அவ்வளவுதான். மறுநாள் வேட்பாளரம்மா மட்டும் தூக்குவாளியோட போய் உக்காந்தாங்க. குழாய்ல எத்தனை குடம் வருது, பொம்பளைங்க கக்கூஸு ஏன் பூட்டியே கிடக்குன்னு அரை மணி நேரத்துல கொட்டித் தீத்துட்டாங்க. நோட்டீஸை அங்க உக்காந்து எழுது.

இன்னொண்ணு, தலைவருக்கான ஓட்டுச்சீட்டு ரோஸ் கலர்னு பெருசா போடு. 2019ல நாலு கலர்ல நாலு சீட்டு. எங்க அப்பத்தா பச்சைச் சீட்டுல, அது ஒன்றியக் கவுன்சிலருக்கு, நம்ம சின்னத்தைத் தேடிட்டு வந்துச்சு.

செல்லூர் தறி:
"தாய்மார்களே"வையும் எடுத்துருங்க. எனக்கு 34 வயசு, கல்யாணம் ஆகல, தறி ஓட்டறேன். 2021ல ஒரு கட்சி மாசம் 1,000ன்னுச்சு, இன்னொண்ணு 1,500ன்னுச்சு. ரெண்டுமே குடும்பத் தலைவிக்கு. அம்மா இருக்கற வீட்ல நான் எதுக்குத் தலைவி? அப்புறம் பஸ்ஸு ஓசியாச்சு, நல்ல விஷயம்தான், அதுக்கு நானும் கணக்குல உண்டு. ஆனா ஷிப்ட் முடிஞ்சு வந்தா பஸ்ஸத்தான் காணோம். அதைக் கேட்டு எந்த நோட்டீஸும் வரல.

மேலூர்க்காரி:
அண்ணே, அக்கா, நன்றி. கம்மாக்கரைக்குப் போயிட்டு வந்தேன். முதல் வரி இப்ப "காலையில நாலு குடம், சாயங்காலம் ஒண்ணுமில்ல". மாமா பின்பக்கத்துக்குப் போயிட்டாரு, ரெண்டு நாளா என்கூடப் பேசல. அத்தை படிச்சுப் பாத்துட்டு ஒரே ஒரு திருத்தம் சொன்னாங்க: "கீழ என் போன் நம்பரைப் போடு. போன தடவை அவரு நம்பர்தான் இருந்துச்சு."