கோபுர நிழலில் சிக்கியவர்கள் உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

கிழக்குச் சாலை வண்டிக்காரர்:
மூன்றாவது கோபுரம்தான். மழைக்காலத்தில் அதன் நிழல் சாலையைத் தொடாது என்றார்கள், நம்பிப் போனேன். தொட்டது. பத்து மூச்சு விடும் நேரம்கூட இருக்காது. அந்த ரீங்காரம், பல் கூச்சம், உங்களுக்கும் அப்படித்தானே இருந்திருக்கும்.

வீட்டுக்கு வந்து வண்டியை அவிழ்த்தால் வலத்தான் நிற்கிறது, இடத்தானைக் காணோம். வண்டியே ஒற்றை மாட்டு வண்டியாக இருக்கிறது. வீட்டுக்காரியைக் கேட்டேன். "நமக்கு எந்தக் காலத்தில் ரெட்டை மாடு இருந்தது?" என்று சிரித்தாள். கொட்டிலில் முளைக்குச்சியும் ஒன்றுதான்.

இதெல்லாம் பழகிவிட்டது. பழகாதது ஒன்றுதான். வண்டியில் பூட்டாமல் குளத்துக்கு ஓட்டிப்போகும்போதும் அந்த மாடு பாதையின் நடுவில் நடப்பதில்லை. வலது ஓரமாகவே போகிறது, இடது பக்கம் இன்னொரு மாடு நடக்க இடம் விட்டு. இரண்டு வருஷமாக இப்படித்தான்.

உப்பளத்து அக்கா:
அண்ணே, உங்கள் மாட்டைப் பற்றிப் படித்ததும் கை ஓடவில்லை. என்னுடையது சின்ன விஷயம். ஐந்தாவது கோபுரத்தின் நிழல் எங்கள் கடைசிப் பாத்தியில் விழுந்தபோது நான் உப்பு வாரிக்கொண்டிருந்தேன். உப்பு எப்படி விளையும்? பகடைக்காய் போலச் சதுரம் சதுரமாக. அன்றைக்குப் பலகையில் வந்ததெல்லாம் ஆறு பட்டையும் கூர்முனையுமாக இருந்தது. ஒன்றை நாக்கில் வைத்தேன், கரிக்கவில்லை. தண்ணீரில் போட்டேன், கரையவில்லை. வியாபாரி ஒரு வார்த்தை கேட்காமல் மூட்டை கட்டிக்கொண்டு போனார்.

ராத்திரி வீட்டில் எல்லோர் சோற்றிலும் அதுதான். கடித்துக் கடித்துச் சாப்பிட்டார்கள். என் மாமியார் "இன்னும் கொஞ்சம் போடு" என்று கையை நீட்டினார். அந்தக் கடிக்கிற சத்தம் இன்னும் காதை விட்டுப் போகவில்லை.

கல் தீட்டுபவன்:
உப்பளத்து அம்மா சொல்வதை அப்படியே நம்ப முடியவில்லை. உப்புநீர் சுண்டும்போது உப்புக்கு முன்னாலேயே ஜிப்சம் என்ற மெதுவான கல் இறங்கிவிடும். ஊசி ஊசியாக விளையும், கரிக்காது, லேசில் கரையாது. கோபுரத்தின் மேல் பழி போடுமுன் நகத்தால் கீறிப் பார்த்திருக்கலாம். ஜிப்சம் என்றால் கீறல் விழும். ஸ்படிகம் என்றால் நகம்தான் தேயும்.

எனக்கு முதல் கோபுரத்தில் வெள்ளி மோதிரம் மர மோதிரமாகிவிட்டது. சரி, அதை விடுங்கள். நிழல் பக்கம் போகிறவர்கள் கால்சைட் என்ற படிகக் கல்லில் ஒரு துண்டு கையில் வைத்துக்கொள்ளுங்கள். தெளிவாக, சாய்ந்த பெட்டி போல இருக்கும். தாளில் ஒரு புள்ளி வைத்து அதன் மேல் கல்லை வையுங்கள். புள்ளி இரண்டாகத் தெரியும். கல்லைச் சுற்றினால் ஒரு புள்ளி நிற்கும், மற்றது அதைச் சுற்றி வரும். உள்ளே போகும் வெளிச்சம் இரண்டாகப் பிரிவதால் நடப்பது இது, மந்திரமில்லை. நிழல் நெருங்கினால் அந்த இரட்டை நின்றுவிடும். ஒற்றைப் புள்ளி தெரிந்தால் உடனே திரும்பிவிடுங்கள். கடையில் ஸ்படிகத்தைக் கொடுத்து ஏமாற்றுவார்கள். ஸ்படிகமும் இரட்டிக்கும், ஆனால் கண்ணுக்குப் பிடிபடாத அளவு. செப்புக் காசால் கீறுங்கள், கால்சைட்டில் கோடு விழும், ஸ்படிகத்தில் விழாது. ஸ்படிகம் கண்ணாடியையே கீறும். சந்தேகம் தீரவில்லை என்றால் ஒரு சொட்டுக் காடி, அதாவது வினிகர், விடுங்கள். கால்சைட்டில் மெல்லக் குமிழ் கிளம்பும்.

உப்பளத்து அக்கா:
ஐயா, இருபது வருஷமாக உப்பு வாருகிறேன். ஜிப்சம் எனக்குத் தெரியாதா? அது முந்தின பாத்தியிலேயே இறங்கிவிடும். நான் எழுதியது கடைசிப் பாத்தி. இன்னொரு தடவை படியுங்கள்.

மேட்டுத்தெருப் பெண்:
கல் தீட்டுபவரே, இங்கே யாரும் யோசனை கேட்கவில்லை. அந்த மோதிரத்தைப் பற்றி இரண்டு வரி கூட எழுதியிருக்கலாம்.

உங்களுக்கெல்லாம் ஏதோ ஒன்று போயிருக்கிறது. எனக்கு வந்தது. நான் வீட்டுக்கு ஒற்றைப் பிள்ளை. ஐந்தாவது கோபுரத்து நிழலைத் தாண்டி வந்து கதவைத் தட்டினேன். ஒன்பது வயதுப் பெண் ஒன்று திறந்தது. "ஏங்க்கா இவ்வளவு நேரம்?" என்றது. பாதி பின்னிய சடை. பின்னால் அம்மா சீப்போடு நிற்கிறாள்.

சாப்பிட உட்கார்ந்தபோது தன் தோசையின் முறுகின ஓரத்தைப் பிய்த்து என் தட்டில் வைத்தது. எனக்கு அது பிடிக்கும் என்று அதற்கு யார் சொன்னது? நான் தொடவில்லை. ஒதுக்கி வைத்தேன். அப்போது அது என் முகத்தைப் பார்த்தது. அந்தப் பார்வையைத்தான் எழுத வந்தேன், எழுத வரவில்லை.

பதினோரு மாதமாகிறது. இப்போது தினமும் தின்கிறேன். அதன் கணுக்காலில் ஒரு தீத்தழும்பு இருக்கிறது. எப்போது சுட்டுக்கொண்டது என்று அம்மாவைக் கேட்டேன். யோசித்தாள், யோசித்துக்கொண்டே இருந்தாள், அப்புறம் அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள்.

கிழக்குச் சாலை வண்டிக்காரர்:
தங்கச்சி, பிள்ளை தெருவில் நடக்கும்போது எந்தப் பக்கமாவது இடம் விட்டு நடக்கிறதா?

கல் தீட்டுபவன்:
செப்புக் காசு என்றேனே, பழைய காசைச் சொன்னேன். புதுக் காசில் கலப்படம் அதிகம், அதை வைத்துக் கீறிப் பார்க்காதீர்கள்.

ஆற்றங்கரையிலிருந்து:
இதுவரை படிப்பதோடு சரி, எழுதியதில்லை. ஐந்தாவது கோபுரம்தான் எனக்கும். தங்கச்சி, தழும்பு எந்தக் காலில்? பிறை மாதிரி வளைந்திருக்குமா?

மேட்டுத்தெருப் பெண்:
அக்கா, அவசரத்தில் தப்பாக எழுதிவிட்டேன். தழும்பு எதுவும் இல்லை.