ஷூகேஸ் பாட்டுக்கு நீங்க என்ன வார்த்தை சொல்வீங்க?

கேள்வி: ஸ்லோடைவ், ரைடுன்னு ஷூகேஸ் (shoegaze, கிட்டார் இரைச்சல்ல குரலே மூழ்கிப்போற ராக் வகை) பேண்டுங்களா கேட்டுட்டு இருக்கேன், ஃப்ரெண்டுகிட்ட சொல்லப்போனா 'செமயா இருக்கு மச்சான்' தாண்டி வாய்ல ஒண்ணும் வரமாட்டேங்குது, யாராச்சும் சொந்தமா வார்த்தை வெச்சிருக்கீங்களா?

கிட்டார்கிறுக்கன்: ஷூகேஸே 90கள் தொடக்கத்துல பிரிட்டிஷ் மியூசிக் பத்திரிகைங்க நக்கலா வெச்ச பேருதான் ப்ரோ, மேடையில தலைய குனிஞ்சு கால்கிட்ட இருக்குற கிட்டார் எஃபெக்ட் பெடலையே பாத்துட்டு நிப்பாங்கல்ல, ஷூவையே வெறிக்கிற மாதிரி. நான் 'சுதிமயக்கம்'னு சொல்லுவேன், மை ப்ளடி வேலன்டைன் பேண்டு கிட்டாரிஸ்ட் கெவின் ஷீல்ட்ஸ் ட்ரெமலோ பாரை (கிட்டார்ல சுதிய ஏத்தி இறக்குற கம்பி) பிடிச்சுக்கிட்டே ஸ்ட்ரம் பண்றப்ப சுதி வழுக்கிட்டே போகும் பாருங்க, அதுக்கு.

நிலாப்பூனை: என்னோடது 'இரைச்சல்தாலாட்டு'. ஷூகேஸுக்கு சொந்தக்கார வகையான ட்ரீம் பாப்ங்கிற பேரையே ஏ.ஆர். கேன் பேண்டோட அலெக்ஸ் ஆயுலி தன் இசைக்கு தானே வெச்சுக்கிட்டாரு, நாம வெச்சா என்ன?

மொட்டைமாடி: காக்டோ ட்வின்ஸ்னு ட்ரீம் பாப் பேண்டு, அதோட பாடகி எலிசபெத் ஃப்ரேஸர் பாடுறதுல பாதி புரியாத வார்த்தைதான், சும்மா கேளுங்கப்பா 😄

கேட்டவர்: சுதிமயக்கம் எனக்கு!