இடைக்காலத் தடை மனு வாய்தாவிலேயே நிற்கிறது: சீக்கிரம் முடிக்கச் சொல்லி ஹைகோர்ட்டில் உத்தரவு வாங்கலாமா?

கேள்வி:
சிவகங்கைப் பக்கம் எங்கள் பூர்வீக மனையில் அஸ்திவாரம் தோண்டியதும், பக்கத்து மனைக்காரர் முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டு, எங்களைக் கேட்காமலே இடைக்காலத் தடை வாங்கிவிட்டார். நாங்கள் கவுண்ட்டர் (எதிர் மனு) போட்டு ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது. ஒவ்வொரு வாய்தாவிலும் எதிர்த்தரப்பு அவகாசம் கேட்கிறது, தடை நீள்கிறது. வாங்கிப் போட்ட கம்பி துருப்பிடிக்கிறது. வயதான அம்மா வாடகை வீட்டில் இருக்கிறார். ஹைகோர்ட்டின் மதுரைக் கிளைக்குப் போனால் கீழ்க்கோர்ட்டை முடுக்கிவிடுவார்களா?

பதில் (வழக்கறிஞர்):
போகலாம் தம்பி. அரசியலமைப்பின் 227-ஆவது பிரிவில் சி.ஆர்.பி. (சிவில் சீராய்வு மனு) போட வேண்டும். ஆனால் ‘கீழே என்ன செய்தீர்கள்?’ என்றுதான் அங்கே முதலில் கேட்பார்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 39, விதி 3ஏ-வைப் பாருங்கள். எதிர்த்தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்தால், அந்த மனுவை 30 நாளுக்குள் முடிக்கக் கோர்ட் முயல வேண்டும். முடியாவிட்டால் காரணத்தை எழுதி வைக்க வேண்டும். தடையை நீக்கக் கோரி விதி 4-இல் மனுப் போட்டீர்களா?

கேட்டவர்:
இல்லை சார், கவுண்ட்டர் மட்டும்தான்.

பதில் (வழக்கறிஞர்):
அப்படியென்றால் முதலில் அதைப் போடுங்கள். 3ஏ-வைச் சுட்டிக்காட்டி ஒரு மெமோவும் (கோர்ட்டுக்கு எழுதித் தரும் குறிப்பு) கொடுங்கள். எந்த வாய்தா யாருக்காகத் தள்ளிப்போனது என்பதற்குச் சான்றிட்ட நகல் வாங்கி வையுங்கள். 3ஏ-படி மனு முடியாவிட்டால், தடையை எதிர்த்து மேல்முறையீடே செய்யலாம் என்று உச்ச நீதிமன்றம் 2000-இல் சொல்லியிருக்கிறது. முன்சீப் கோர்ட் உத்தரவு என்பதால் அது மாவட்டத்துக்குள்ளேயே முடியும், மதுரைக்கு அலைய வேண்டாம்.

பதில் (இன்னொருவர்):
‘ஆறு மாதத்தில் முடிக்க வேண்டும்’ என்று 2021-இலும், தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் 2025 மார்ச்சிலும் உச்ச நீதிமன்றம் சொன்னதை உங்களிடம் யாராவது காட்டலாம். அது தீர்ப்புக்குப் பின் போடும் நிறைவேற்று மனுக்களுக்கு, உங்கள் ஐ.ஏ.வுக்கு (இடைக்கால மனுவுக்கு) பொருந்தாது. அப்புறம், கீழ்க்கோர்ட் வழக்குகளுக்குச் சாதாரணமாகக் கெடு விதிக்கக் கூடாது, விதிவிலக்கான சூழலில் மட்டுமே விதிக்கலாம் என்று 2024 பிப்ரவரியில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. அதனால் வெறும் ‘தாமதம்’ போதாது. அம்மாவின் வயது, பாதியில் நிற்கும் கட்டுமானம் எல்லாவற்றையும் மனுவில் எழுதுங்கள்.

பதில் (பாகப்பிரிவினை வழக்கு நடத்தியவர்):
எங்கள் வழக்கில் கெடு விதித்து ஹைகோர்ட் உத்தரவு கிடைத்தது. சான்றிட்ட நகலை வாங்கி மெமோவோடு கீழ்க்கோர்ட்டில் கொடுத்த பிறகுதான் விசாரணை நகர்ந்தது. கெடு வந்துவிட்டால் நீங்களும் வாய்தா கேட்க முடியாது, ஆவணங்களைத் தயாராக வைத்திருங்கள். சீக்கிரம் முடிக்கத்தான் உத்தரவு கிடைக்கும். முடிவு உங்களுக்கு எதிராகவும் வரலாம்.

கேட்டவர்:
ரொம்ப நன்றி. அடுத்த வாய்தாவிலேயே விதி 4 மனுப் போடச் சொல்கிறேன். அதற்குப் புது வக்காலத்து வேண்டுமா?

பதில் (வழக்கறிஞர்):
அதே வக்கீல்தான் என்றால் வேண்டாம். ஏற்கெனவே போட்டதே போதும்.