அம்மா கையில் விரல் தடம். அண்ணன்மேல் எங்கே போய்ச் சொல்வது?

மதுரைத் தங்கச்சி:

பொங்கலுக்கு அருப்புக்கோட்டைப் பக்கம் எங்கள் ஊருக்குப் போயிருந்தேன். அம்மாவுக்கு வயது 68. குளிக்கும்போது முதுகு தேய்க்கக் கை எட்டவில்லை என்று கூப்பிட்டார். இடது மேல்கையில் வெளிப்பக்கம் நான்கு நீலத் தடம், உள்பக்கம் கட்டைவிரல் அளவுக்கு ஒன்று. கேட்டதற்கு, மாட்டுக்கொட்டகையில் வழுக்கிவிட்டது என்றார். மாட்டை விற்று ஆறு வருடம் ஆகிறது.

அண்ணன் குட்டியானை வண்டி ஓட்டுகிறான். சாயங்காலமானால் குடி. 2019இல் அம்மா வீட்டையும் ஒரு ஏக்கர் இருபது சென்ட் புஞ்சையையும் அவன் பேருக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்தார். எனக்கு அதில் வருத்தம் கிடையாது, சாட்சிக் கையெழுத்துப் போட்டதே நான்தான். இப்போது முதியோர் பணம் 1,200 ரூபாய் வருகிற ஏ.டி.எம். கார்டும் அவனிடம். பிரஷர் மாத்திரை தீர்ந்து பதினைந்து நாள் ஆகியிருந்தது. யாரும் வாங்கித் தரவில்லை.

மதினி வாயே திறக்கவில்லை. ராத்திரி பாத்திரம் கழுவும்போது மட்டும், "நீங்க நாளைக்குப் போயிருவீங்க, நாங்க இங்கதான இருக்கணும்" என்றார். அண்ணன் மகளுக்கு ஒன்பது வயது. தெருமுனையில் வண்டிச் சத்தம் கேட்டதும் டிவியை அணைத்தாள். ஓடிப்போய் அப்பத்தாவின் செருப்பை எடுத்து வாசல்படியில் வைத்தாள். ஏன்டா என்று கேட்டேன். "அப்பத்தா சட்டுனு வெளியே போகணும்ல" என்றாள்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். எங்கள் அப்பா அம்மாவை அடிப்பார். புளிய விளார், பெல்ட், கையில் கிடைத்தது. அண்ணன் குறுக்கே விழுந்து அந்த அடியைத் தன் முதுகில் வாங்குவான். பதினாலு வயதில் அப்பா ஓங்கிய கையைப் பிடித்து நிறுத்தியவன் அவன்தான். அப்பா போய் ஒன்பது வருடம் ஆகிவிட்டது. அதே அண்ணன் கையின் தடம்தான் இப்போது அம்மா கையில் இருக்கிறது என்பதை என்னால் நம்பவே முடியவில்லை.

போலீசுக்குப் போனால் அவன் ஜெயிலுக்குப் போவான், அம்மா என்னை மன்னிக்க மாட்டார். எங்கிருந்து தொடங்குவது? முதலில் அவனிடம் போனில் கேட்டுவிடட்டுமா?

ஊர்க்காரர்:

குடும்ப விஷயத்தை வெளியே கொண்டுபோகாதீர்கள் அம்மா. தாய்மாமன் இருந்தால் அவரை வைத்துப் பேசுங்கள். பத்திரம், கோர்ட் என்று இறங்கினால் மகள் சொத்துக்கு வந்துவிட்டாள் என்றுதான் ஊர் பேசும். பையன் திருந்துவான்.

ஓய்வுபெற்ற செவிலியர்:

தங்கச்சி, அண்ணனுக்குப் போன் போடாதீர்கள். நீங்கள் மதுரையிலிருந்து கேட்கும் கேள்விக்கு அன்று ராத்திரி அம்மாதான் பதில் சொல்ல வேண்டியிருக்கும்.

நான் உசிலம்பட்டிப் பக்கம் கிராம சுகாதாரச் செவிலியராக 31 வருடம் வேலை பார்த்தவள். சேர்ந்த புதிதில், பெண் குழந்தை பிறந்த வீட்டுக்கு அடுத்தடுத்த நாள் போய்ப் பிள்ளை உயிரோடு இருக்கிறதா என்று பார்ப்போம். 1992இல் தொட்டில் குழந்தைத் திட்டம் வந்ததே அந்தக் கொடுமையால்தான். பிறகு அதே தெருக்களில் நிறைமாதப் பெண்களின் உடம்பில் மிதிபட்ட அடையாளம் பார்த்தேன். கடைசிப் பத்து வருடம் சர்க்கரை மாத்திரை கொடுக்கப் போன இடத்தில் வயதானவர்களின் கையில் தடம். எங்களுக்கு ஒவ்வொன்றுக்கும் தனிப் பதிவேடு. ஆனால் பல நேரம் வீடு அதே வீடாகத்தான் இருந்தது. தேசிய குடும்ப நலக் கணக்கெடுப்பில் 2019-21இல் தமிழ்நாட்டில் திருமணமான பெண்களில் 38 சதவீதம் பேர் கணவனின் வன்முறையை அனுபவித்ததாகச் சொன்னார்கள். அந்தக் கேள்வியை 18 முதல் 49 வயதுவரை உள்ளவர்களிடம்தான் கேட்கிறார்கள். உங்கள் அம்மா எந்தக் கணக்கிலும் இல்லை.

வழுக்கி விழுந்தால் பெரும்பாலும் முட்டி, முழங்கை, முன்கையில்தான் அடிபடும். மேல்கையில் ஒரு பக்கம் நான்கு விரல், மறுபக்கம் கட்டைவிரல் என்றால் யாரோ இறுக்கிப் பிடித்திருக்கிறார்கள். கார்டை வாங்கி வைத்துக்கொள்வதும் மாத்திரை இல்லாமல் விடுவதும் அடியோடு சேர்ந்து வருகிறவைதான். பணத்தைப் பிடுங்கி வைப்பதைப் பொருளாதார வன்முறை என்றே 2005ஆம் வருடக் குடும்ப வன்முறைச் சட்டம் சொல்கிறது.

அந்தச் சட்டம் மனைவிக்கு மட்டும் என்று நிறையப் பேர் நினைக்கிறார்கள். ஒரே வீட்டில் வாழ்கிற அம்மாவும் மகன்மேல் கேட்கலாம். விருதுநகரில் மாவட்ட சமூகநல அலுவலகத்தில் பாதுகாப்பு அலுவலர் இருப்பார். அவரிடம் யார் வேண்டுமானாலும் தகவல் சொல்லலாம், நல்லெண்ணத்தோடு சொன்னவர்மேல் வழக்கு வராது. மாஜிஸ்திரேட் பாதுகாப்பு உத்தரவு போட்டால் உங்கள் அண்ணன் அதனாலேயே ஜெயிலுக்குப் போய்விட மாட்டார். அடிக்கக் கூடாது, கார்டைத் திருப்பிக் கொடு என்கிற மாதிரி உத்தரவு அது. மீறினால்தான் ஒரு வருடம்வரை சிறை, 20,000 ரூபாய்வரை அபராதம். இதை அம்மாவிடம் இப்படியே எடுத்துச் சொல்லுங்கள். பெற்ற பிள்ளையை உள்ளே தள்ளிவிடுவோமோ என்றுதான் அவர் கொட்டகையில் விழுந்த கதை சொல்கிறார்.

நிலத்துக்குத் தனி வழி உண்டு. 2007ஆம் வருடப் பெற்றோர், மூத்த குடிமக்கள் பராமரிப்புச் சட்டத்தில் 23ஆவது பிரிவு. கவனித்துக்கொள்வான் என்ற நிபந்தனையில் எழுதிக் கொடுத்து, அவன் கவனிக்காவிட்டால் அந்தப் பத்திரம் செல்லாது என்று அறிவிக்கலாம். இதை விசாரிக்கும் தீர்ப்பாயத்துக்குக் கோட்டாட்சியர்தான் தலைவர், அருப்புக்கோட்டையிலேயே அந்த அலுவலகம் இருக்கிறது. பத்திரத்தின் சான்றிட்ட நகலைப் பதிவுத்துறை இணையதளத்தில் எடுத்து, என்ன எழுதியிருக்கிறது என்று வரி வரியாகப் படியுங்கள். நிபந்தனை இருந்ததைக் காட்ட வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2022இல் சொன்னது. 2025 ஜனவரியில் மத்தியப் பிரதேசத்து அம்மா ஒருவரின் வழக்கில், இந்தச் சட்டத்தை முதியவர்களுக்குச் சாதகமாகவே பொருள்கொள்ள வேண்டும் என்று சொல்லி மகனுக்குக் கொடுத்த பத்திரத்தை ரத்து செய்தது. விவரம் கேட்க முதியோர் உதவி எண் 14567.

அப்புறம் மதினி. அவர் கையை இதுவரை யாரும் திருப்பிப் பார்க்கவில்லை. அம்மாவை மட்டும் நீங்கள் கூட்டிக்கொண்டு வந்துவிட்டால் அந்தக் கோபம் எங்கே இறங்கும் என்று யோசித்துக்கொள்ளுங்கள். 181 என்ற பெண்கள் உதவி எண்ணை அவருக்கு மனப்பாடமாகச் சொல்லிக் கொடுங்கள், செல்போனில் பதிய வேண்டாம். ஆதார், ரேஷன் கார்டு நகல், மாத்திரைச் சீட்டு, கொஞ்சம் பணம், ஒரு மாற்றுத்துணி எல்லாம் நம்பிக்கையான பக்கத்து வீட்டில் ஒரு பையில் இருக்கட்டும்.

பிள்ளை செருப்பு எடுத்து வைத்ததைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் எழுந்து போய்விட்டேன். அப்பத்தாவைக் காப்பாற்றுவது உன் வேலை இல்லை, அது எங்கள் வேலை என்று அவளிடம் ஒரு பெரியவர் சொல்ல வேண்டும். உங்கள் அண்ணனிடம் அந்த வயதில் யாரும் அப்படிச் சொல்லவில்லை.

லாரி டிரைவர், நாமக்கல்:

நான் உங்கள் அண்ணன் மாதிரி ஒருத்தன். அதனால் எழுதுகிறேன்.

2017இல் எங்கம்மாவை அறைந்தேன். "எவ்வளவுடா குடிச்ச" என்று கேட்டதற்கு. அதற்கு முன்பும் கையை முறுக்கியிருக்கிறேன். எங்கப்பா அடித்ததை நினைத்துக்கொண்டு, நான் அவர் அளவுக்கு இல்லையே என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொள்வேன். மாமா மூன்று தடவை வந்து பேசினார். மூன்று தடவையும் அழுதேன், அம்மா காலில் விழுந்தேன். அழுதது பொய் இல்லை. அடுத்த மாதம் மறுபடி கை ஓங்கினதும் பொய் இல்லை. ஊர்க்கார ஐயா, பெரியவர்கள் பேசினால் போதும் என்கிறீர்கள். எனக்குப் போதவில்லை.

அம்மா அக்கா வீட்டுக்குப் போய்விட்டதும், பாதுகாப்பு அலுவலர் கூப்பிட்டு விட்டதும்தான் என்னை நிறுத்தியது. வெளியாட்களுக்குத் தெரிந்துவிட்டது என்ற பயம் முதலில் வந்தது, வெட்கம் பிறகுதான் வந்தது. அரசு மருத்துவமனை மனநலப் பிரிவில் குடிக்குச் சிகிச்சை எடுத்தேன். ஆனால் குடியை விட்டால் எல்லாம் சரி என்று நம்பிவிடாதீர்கள். விட்டு நாலாவது மாதம், ஒரு சொட்டுக்கூடக் குடிக்காமல், என் பையன்மேல் தட்டை எறிந்தேன். அதற்கப்புறம்தான் கோபத்துக்கென்று தனியாக உட்கார்ந்து பேசினேன். 14416 மனநல உதவி எண். தமிழிலேயே பேசலாம், காசு கிடையாது. இந்த எண்ணை உங்கள் அண்ணனிடம் நீங்கள் கொடுக்காதீர்கள், அதிகாரியோ டாக்டரோ கொடுக்கட்டும். எங்கம்மா இப்போது என்னோடு இல்லை, அக்காவோடுதான் இருக்கிறார். மாதம் ஒருமுறை போய்ப் பார்க்கிறேன். அக்காவும் கூடவே உட்கார்ந்திருப்பாள்.

மதுரைத் தங்கச்சி:

எல்லாருக்கும் நன்றி. அண்ணனுக்குப் போன் போடவில்லை.

கண் பரிசோதனை என்று சொல்லி அம்மாவை மதுரைக்குக் கூட்டி வந்து எட்டு நாள் ஆகிறது. நான்காம் நாள் இட்லி ஊற்றிக்கொண்டிருந்தபோது அவராகவே சொன்னார். இரண்டு வருடமாக நடக்கிறதாம். நகல் எடுத்துவிட்டேன். "என் ஆயுள் உள்ளவரை உணவு, உடை, மருத்துவம் கொடுத்துப் பராமரிக்கக் கடமைப்பட்டவர்" என்று ஒரு வரி இருக்கிறது. நான் சாட்சி போட்ட பத்திரம், அன்றைக்குப் படிக்கவே இல்லை.

அம்மாவுக்கு நிலம் திரும்ப வேண்டாமாம். கார்டு வேண்டும், அவன் தொடக் கூடாது, அவ்வளவுதான் என்கிறார். இதற்குமேல் நான் வற்புறுத்தவில்லை. திங்கட்கிழமை விருதுநகர் போய்ப் பாதுகாப்பு அலுவலரிடம் மனு கொடுப்பதாகப் பேசி வைத்திருந்தோம்.

நேற்று ராத்திரி மதினி போனிலிருந்து பிள்ளை கூப்பிட்டாள். அப்பத்தா சாப்பிட்டாங்களா, கண்ணு தெரியுதா என்று கேட்டாள். செருப்பை எல்லாம் இனி நீ எடுத்து வைக்க வேண்டாம்டா, பெரியவங்க நாங்க பார்த்துக்கிறோம் என்றேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம் மெதுவாக, "இப்ப அம்மா செருப்பைத்தான் வைக்கிறேன் அத்தை" என்றாள்.

திங்கட்கிழமைவரை காத்திருக்கவில்லை. அப்போதே 181க்கு அழைத்துவிட்டேன்.